தண்ணீர் வடிந்த வாரம்

தெல்மிரா தன் வீட்டை ஏழு முறை பிரித்துக் கட்டியவள். யவாரி ஆறு கரையைத் தின்னத் தொடங்கினால், பலகைகளுக்குக் கரியால் எண் போட்டுக் கழற்றி, உள்ளே தள்ளி மறுபடி நிறுத்திவிடுவாள். ஆற்றோடு மல்லுக்கு நிற்க முடியுமா என்ன? வாழைக்கன்றும் மரவள்ளிக் குச்சியும் அவள் கூடவே நகரும்.

நகராதது ஒன்றே ஒன்றுதான். ஆறு வயதில் காய்ச்சலில் போன மகள் நில்சாவின் குழி. வெள்ளம் தொடக் கூடாதென்று, இருப்பதிலேயே மேடான இடமாகப் பார்த்துப் புதைத்திருந்தாள். ஒரு மழைக்காலத்தில் ஆறு தன் வளைவை அறுத்துக்கொண்டு நேராக ஓட, இடுகாடு அக்கரையாகிவிட்டது. இக்கரை பெரு, அக்கரை பிரேசில். சட்டம் என்ன சொல்கிறதோ தெரியாது, துப்பாக்கி வைத்திருந்த காவல்காரர்கள் அப்படித்தான் சொன்னார்கள்.

இந்த வருடம் ஆறு அந்த மேட்டையும் கடிக்க ஆரம்பித்தது. கணவன் அர்த்தேமியோ மண்வெட்டியைத் தூக்கிப் படகில் போட்டான்.

“வாடி, போய்த் தோண்டி எடுத்துட்டு வந்துடலாம். அவனுங்ககிட்ட என்னத்தக் கேக்குறது?”

“திருட்டுத்தனமாவா? எம்புள்ள என்ன கடத்தல் சரக்கா? அனுமதிக் காயிதம் வாங்கித்தான் கூட்டியாருவேன்.”

அக்கரை எல்லைச் சாவடி அதிகாரி ஆறில்லாத ஊர்க்காரன். நல்லவன்தான், பாவம்.

“மேலிடத்துக்கு எழுதி அனுப்பியிருக்கேம்மா. வெள்ளந்தான் வடிய ஆரம்பிச்சிடுச்சே, இனிமே என்ன பயம்? அடுத்த வாரம் வாங்க.”

ஏறி நிற்கும் தண்ணீர்தான் கரையைத் தாங்கிப் பிடிக்கும். அது இறங்கினால் ஊறிய மண் பொத்தென்று சரியும். யவாரிக் கரையில் பச்சைப் பிள்ளைக்கும் தெரிந்த சங்கதி இது.

“ஐயா, தண்ணி எறங்கும்போதுதான் மண்ணு விழும்.”

அவன் சிரித்தான். அவள் அடுத்த வாரம் வருவதாகச் சொல்லிப் படகேறினாள். பிள்ளை காரியமாவது முறைப்படி நடக்கட்டும் என்று ஒரு வீம்பு.

ஐந்தாம் நாள் காலையில் இடி இடித்தாற்போல் சத்தம் கேட்டது. வானத்தில் ஒரு மேகமில்லை. இருவரும் அடித்துப்பிடித்துத் துடுப்புப் போட்டுப் போய்ச் சேர்ந்தபோது பாதி மேட்டைக் காணோம். நில்சாவின் சிலுவை நின்ற இடத்தில் பழுப்புத் தண்ணீர் சுழித்துக்கொண்டிருந்தது. அர்த்தேமியோ ஒரு வார்த்தை குத்திக் காட்டவில்லை. அதுதான் அவளைக் கொன்றது.

மறுவாரம் அதிகாரி காகிதத்தைத் தானே கொண்டுவந்தான். முத்திரை, கையெழுத்து எல்லாம் சரியாக இருந்தன. கொடுத்துவிட்டுத் தலையைக் குனிந்து நின்றான்.

“மன்னிச்சிடுங்கம்மா.”

“உங்க மேல குத்தமில்ல ஐயா,” என்றாள் தெல்மிரா. “உங்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.”