கோழித் தொழிற்சாலையின் அப்புக்காத்தர்

நியூசிலாந்தின் ஈஸ்ட் டாமாக்கியில் கோழி பொதிசெய்யும் தொழிற்சாலையொன்றில் என் பக்கத்தில் நின்றவர் பிரேசில் நாட்டுச் சட்டத்தரணி. தலையில் வலைத்தொப்பி, காலில் வெள்ளை றப்பர் சப்பாத்து. எங்களைப் போலவே விறைத்த விரல்களால் கோழித் தொடைகளைத் தட்டில் அடுக்குவார். நியூசிலாந்துப் பெண்ணைக் கட்டிக்கொண்டு வந்தவர். அவருடைய பட்டம் இங்கே செல்லாது, வேண்டுமானால் திரும்பப் படி என்று சொல்லிவிட்டார்கள்.

அவருடைய கதையைத் தேநீர் இடைவேளைகளில் பத்துப் பத்து நிமிடமாகக் கேட்டேன். தையற்காரரின் மகன். பகலில் தபாற்கந்தோரில் வேலை, மாலையில் சட்டப் படிப்பு. பிறகு கரும்புத் தோட்டக் கூலிகளுக்காகக் காசு வாங்காமல் வழக்காடியிருக்கிறார். ஒருமுறை சொந்த ஊரின் நகரசபைத் தேர்தலில் நின்று தோற்றார். "மேடையில் சொல்ல என்னிடம் ஒரு வெற்றிகூட இருக்கவில்லை" என்பார். அவருடைய ஆங்கிலமும் உடைசல், என்னுடையதும் உடைசல். அதனாலோ என்னவோ நன்றாக விளங்கியது.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் முடித்த முதல் ஆள் நான். வழக்கறிஞரை எங்கள் ஆட்கள் அப்புக்காத்தர் என்பார்கள். குடியிருந்த காணி வழக்குக்காக யாழ்ப்பாணத்தில் அப்புக்காத்தர் வீட்டுக்குப் போனால், அப்பா செருப்பைக் கேற்றடியிலேயே கழற்றிவிடுவார். காட்டிய இடத்தில் பெருவிரலை வைப்பார். தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கமாட்டார். கேட்பது மரியாதை இல்லை என்று நினைத்தார். காணியும் போய், அப்பாவும் போய்ச் சேர்ந்தார்.

அம்மா கொழும்பில் ஒரு லொட்ஜ் அறையில் தனியே இருந்தா. அவவை இங்கே கூப்பிட எனக்கு நிரந்தர வேலை இருப்பதாக ஒரு கடிதம் வேண்டும். லின்ஃபீல்டில் நான் வாடகைக்கு இருந்த அறையில் விண்ணப்பம் நிரப்பித் தயாராக இருந்தது. கடிதத்தை மாதக் கடைசியில் தருவதாக மேலாளர் சொல்லியிருந்தார்.

அந்த மாதத்தில்தான் புதிய ஒப்பந்தம் வந்தது. தொழிற்சங்கம் எல்லாருக்குமாகப் பேசும் காலம் போய், ஆளுக்கு ஆள் தனித்தனித் தாள் வந்துவிட்ட வருடங்கள் அவை. சனி, ஞாயிறு வேலைக்கான மேலதிகச் சம்பளம் வெட்டப்பட்டிருந்தது. நாலாம் பந்தி இப்படிச் சொன்னது: வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்து வைக்காதவருடைய இப்போதைய வேலை முடிந்துவிடும், பிறகு கூப்பிட்டால் மட்டும் வரலாம்.

நான் அதை மூன்று தரம் வாசித்தேன். மூன்று தரமும் ஒரே அர்த்தம்தான் வந்தது. பிரேசில்காரரிடம் காட்டினேன். சிரித்தார். "பயமுறுத்த எழுதுவது. முப்பது பேரை ஒரே நாளில் எப்படி நீக்குவார்கள்? ஒருவரும் கையெழுத்து வைக்கவேண்டாம். உன் ஆட்களிடம் சொல்" என்று தோளில் தட்டினார். அவர் சட்டத்தரணி, நான் யார்? கண் வாசித்ததை விட்டுவிட்டு அவர் சொன்னதை நம்பினேன்.

நாங்கள் பதினொரு தமிழர். மூத்தவர் ஊரில் லொறி ஓட்டியவர். சாப்பாட்டு அறையில் அவர்தான் முதலில் கேட்டார்.

"என்னவாம் தம்பி, உன்ர கோழி அப்புக்காத்தர்?"

"ஒருத்தரும் கையெழுத்து வைக்கவேண்டாமாம், அண்ணை. எல்லாரும் ஒண்டா நிண்டா அவங்களால வேலையை ஓட்டேலாது."

"அவருக்கென்ன, மனிசி ரீச்சர். எங்களுக்கு ஆர் இருக்கினம்? தாளில வேற ஒண்டும் கிடக்கில்லையோ?"

"இல்லை, அண்ணை. அவர் வடிவா வாசிச்சவர்."

"செத்த கோழிக்கும் பிணை எடுத்துக் குடுப்பார் போல" என்றார் இன்னொருவர். எல்லாரும் சிரித்தார்கள். மூத்தவர் தேநீரை வைத்துவிட்டு, "சரி, பொடியன் சொன்னாச் சரி. எங்களில படிச்சவன் அவன்தானே" என்றார். எனக்கு அன்று பெருமையாக இருந்தது. அதை மறைப்பதில் பயனில்லை.

வெள்ளிக்கிழமை சட்டத்தரணி கமெரா கொண்டுவந்தார். வாசலில் எங்களை நிறுத்தி, "சிரிக்காதீர்கள், கையை உயர்த்துங்கள்" என்றார். எங்கள் ஆட்கள் கலியாணப் படத்துக்கு நிற்பதுபோல நின்றார்கள்.

திங்கட்கிழமை மேலாளர் கதவடியில் ஒரு பட்டியலோடு நின்றார். மற்றவர்கள் எல்லாரும் வெள்ளி பின்னேரமே கையெழுத்து வைத்திருந்தார்கள். வைக்காதது நாங்கள் பதினொரு பேர்தான். "தேவைப்பட்டால் கூப்பிடுவோம்" என்றார். சட்டத்தரணியைக் காணவில்லை. பக்கத்து டெய்ரிக் கடைக்கு முன்னால் இருந்த தொலைபேசியில் அவர் வீட்டுக்கு எடுத்தேன். மனைவி பேசினார்.

"சனிக்கிழமையே பிரேசிலுக்குப் போய்விட்டாரே. அடுத்த வருடத் தேர்தலில் நிற்பதென்றால் இப்போதே அந்த ஊர் வாக்காளராகப் பதிந்திருக்கவேண்டும். இரண்டு மாதத்துக்கு முன்னரே டிக்கெட் எடுத்தாயிற்று. உங்களிடம் சொல்லவில்லையா?"

அந்தப் பெண்ணின் குரலில் உண்மையான ஆச்சரியம் இருந்தது.

மூன்று கிழமை கழித்துக் கூப்பிட்டார்கள். அதே இடம், அதே கோழி, ஆனால் நாள்கூலி. மேலாளர் எனக்குச் சொன்னபடியே கடிதமும் தந்தார். அதில் 'தற்காலிகம்' என்று எழுதியிருந்தது. அம்மாவின் விண்ணப்பம் திரும்பி வந்தது.

மூத்தவரின் மகள் இங்கே உயர்பள்ளியில் படிப்பவள். அவள் வீட்டில் அந்தத் தாளை வாசித்துக் காட்டியிருக்கிறாள். அடுத்த நாள் கையுறை மாட்டும் இடத்தில் அவர் என்னை மறித்தார்.

"நாலாம் பந்தி உனக்குத் தெரியுமோ, தெரியாதோ?"

"தெரியும், அண்ணை."

"பிறகேன்ரா சொல்லேல்லை?"

"அவர் லோயர், அண்ணை. அது சும்மா எண்டு சொன்னவர்."

"நாங்கள் அவரையோ கேட்டனாங்கள்? உன்னையெல்லோ கேட்டது."

அதற்குப் பிறகு அவர் என்னைத் தம்பி என்று கூப்பிட்டதில்லை. "இஞ்ச வாரும், சின்ன அப்புக்காத்தர்" என்பார். மற்றவர்கள் சிரிப்பதையும் நிறுத்திவிட்டார்கள். அது இன்னும் மோசம்.

அடுத்த வருடக் கடைசியில், கணவரிடம் புறப்படுமுன் அந்த மனைவி என்னை வீட்டுக்கு அழைத்தார். சட்டத்தரணி வென்றுவிட்டார், நகரசபை உறுப்பினர். மனைவி தேர்தல் துண்டுப்பிரசுரத்தை வாசித்து ஆங்கிலத்தில் சொன்னார். தையற்காரரின் மகன், கரும்புக் கூலிகளின் வழக்கறிஞர் என்று எல்லாம் வரிசையாக இருந்தது. கீழே எங்கள் படம். பதினொரு கை அரைகுறையாக உயர்ந்திருந்தது. 'தூர தேசத்தில் குடியேறிகளின் வேலைநிறுத்தத்தை நடத்தி வென்றவர்.' அதை வாசித்தபோது அவர் என்னைப் பார்க்கவில்லை. "தேர்தல் தாள் என்றால் இப்படித்தான் எழுதுவார்கள்" என்றார். தேநீரைக் குடித்துவிட்டு எழுந்து வந்தேன். கோபத்தை யாரிடம் காட்டுவது? படத்தில் நடுவில் நின்றது நான்.

அந்தக் கிழமை அம்மாவோடு கதைத்தேன். இரண்டாவது விண்ணப்பமும் போகாது என்று சொல்லவேண்டியிருந்தது. வேலை இன்னும் தற்காலிகம்தான்.

"அந்த அப்புக்காத்தர் இப்ப பெரிய ஆளெண்டு சொன்னனியெல்லோ. அவரிட்ட ஒரு கடிதம் வேண்டிக் குடுத்தா என்ன?"

"அவராலதானம்மா இவ்வளவும் வந்தது. தாளில இருந்ததை அவர் மாத்திச் சொல்லிப்போட்டார்."

"அப்பிடிச் சொல்லாத. அவை படிச்ச ஆக்கள். ஏதோ காரணம் இருந்திருக்கும்."

"நானும் படிச்சனான்தானே, அம்மா."

"ஓம், ஓம்" என்றா அம்மா, அழுகிற பிள்ளையைத் தட்டிக்கொடுக்கும் குரலில்.