திரையில் இன்னொரு மகள்

அப்பா இறந்த மறுநாள் ஒரு கன்னடப் பத்திரிகையில் சின்னதாகச் செய்தி வந்தது. அதோடு ஒரு படமும் போட்டிருந்தார்கள். வெள்ளைக் கோட்டும் உயரத் தொப்பியும் அணிந்த அப்பா கரண்டியை நீட்டுகிறார். இரட்டைப் பின்னல் போட்ட ஒரு சிறுமி கண்ணை மூடிக்கொண்டு ருசி பார்க்கிறாள். அவருக்கு மனைவியும் ஒரு மகளும் இருக்கிறார்கள் என்று கீழே எழுதியிருந்தது. மகள் நான்தான். படத்தில் இருப்பது நான் இல்லை.

அப்பா நகரத்தின் பெரிய ஓட்டல் ஒன்றில் வேலை பார்த்தார். பாத்திரம் கழுவும் வேலையில் சேர்ந்து, வெங்காயம் உரித்து, தந்தூர் அடுப்பின் முன்னால் வெந்து, மெல்ல மெல்ல மேலே வந்தவர். அப்போது நாங்கள் ஈஜிபுராவில் ஒரு மாடி வீட்டில் குடியிருந்தோம். அம்மா அரசு அலுவலகத்தில் டைப்பிஸ்ட். ஒரு உகாதிக்கு, கன்னட சேனல் ஒன்றில் போளி செய்து காட்ட ஓட்டலின் தலைமை செஃப் போவதாக இருந்தது. அவர் காய்ச்சலில் படுத்துவிட்டதால் அப்பாவை அனுப்பினார்கள். விளக்குச் சூட்டில் மாவு இளகி அவர் கையிலேயே ஒட்டிக்கொண்டது. வேறு யாராவது என்றால் நிறுத்தச் சொல்லியிருப்பார்கள். அப்பா இரண்டு கைகளையும் கேமராவுக்குக் காட்டி, "பாருங்க, உங்க வீட்லயும் இப்படித்தான் ஆகும், பயப்படாதீங்க" என்று தன் தமிழ் வாடை அடிக்கும் கன்னடத்தில் சொல்லிச் சிரித்தார். இயக்குநருக்கு அந்தச் சிரிப்பு பிடித்துப்போனது. அடுத்த மாதமே ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு ஒரு நிகழ்ச்சி கொடுத்துவிட்டார்கள்.

நான் அதில் வந்தது தற்செயல்தான். பள்ளிக்கூடம் லீவு, அம்மாவுக்கு ஆபீஸ் உண்டு என்பதால் அப்பா என்னை ஸ்டூடியோவுக்குக் கூட்டிப்போயிருந்தார். தொகுத்து வழங்கும் நடிகை டிராஃபிக்கில் மாட்டிக்கொண்டு வந்து சேரவில்லை. செய்த பிசிபேளா பாத்தை யாராவது ருசி பார்க்க வேண்டும். ஓரத்தில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்த என்னைத் தூக்கி நிறுத்தினார்கள். நான் ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு மூக்கைச் சுருக்கி, "உப்பு கம்மி அப்பா" என்றேன். தமிழில் சொன்னேனா கன்னடத்தில் சொன்னேனா என்று யாராலும் சொல்ல முடியாது. இரண்டிலும் அது ஒன்றுதான். செட்டில் எல்லோரும் சிரித்தார்கள். அப்பா கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு உப்பு போட்டார்.

அதன் பிறகு நிகழ்ச்சியின் முடிவில் நான் வந்து தீர்ப்பு சொல்வது வழக்கமாகிவிட்டது. புளிப்பு ஜாஸ்தி என்பேன். சில நாள் ஒன்றும் சொல்லாமல் தட்டைக் காலி செய்வேன். அப்பாவுக்கு அந்த நாள்தான் திருநாள். திரும்பி வரும் வழியெல்லாம் ஸ்கூட்டரில் நாங்கள் அதையே பேசிக்கொண்டு வருவோம். "காரம் நெஜமாவே ஜாஸ்தியா, இல்ல சும்மா சொன்னியா?" என்று கேட்பார். அந்த ஒரு வருஷம்தான் அப்பாவும் நானும் அதிகமாகப் பேசியது என்று இப்போது நினைக்கிறேன்.

பிறகு ஒரு மசாலா கம்பெனி விளம்பரம் கொடுக்க வந்தது. தங்கள் பொடி போட்ட சாம்பாரில் காரம் ஜாஸ்தி என்று ஒரு குழந்தை சொல்வதை அவர்கள் ஏன் விரும்பப்போகிறார்கள்? அன்றிலிருந்து எனக்கு வசனம் வந்தது. கண்ணை மூட வேண்டும், திறக்க வேண்டும், "தும்ப சென்னாகிதே அப்பா!" என்று சொல்ல வேண்டும். ரொம்ப நல்லா இருக்குப்பா என்று அர்த்தம். கேமராவுக்குக் காயின் நிறம் பச்சையாகத் தெரிய வேண்டும் என்பதற்காக அரைவேக்காட்டில் இறக்கிவிடுவார்கள். மேலே எண்ணெயைத் தடவிப் பளபளப்பாக்குவார்கள். நான் நல்லா இருக்கு என்று சொன்ன பாதிச் சாப்பாடு வேகாதது. அப்பா எனக்கு மட்டும் கேட்கும்படி, "முழுங்காதே, வாய்லயே வெச்சுக்கோ" என்பார். கட் சொன்னதும் டிஷ்யூ பேப்பரை நீட்டுவார்.

எட்டாவது படிக்கும்போது திடீரென்று வளர்ந்தேன். முகமெல்லாம் பரு. அப்பா தோளுக்கு வந்துவிட்டேன். இயக்குநர் நல்ல மனிதர்தான். அம்மாவை ஓரமாகக் கூப்பிட்டு, பரீட்சை நேரம், பாப்பா கொஞ்ச நாள் ரெஸ்ட் எடுக்கட்டும் என்றார். எனக்கும் அது நிம்மதியாகத்தான் இருந்தது. அடுத்த ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா தனியாகவே ருசி பார்த்தார்.

அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மாவும் நானும் சாப்பாட்டுத் தட்டோடு டிவி முன்னால் உட்கார்ந்திருந்தோம். அப்பா அரிசி மாவில் அக்கிரொட்டி சுட்டு முடித்து, கேமராவைப் பார்த்து, "எங்க வீட்டு நீதிபதி எங்கே?" என்றார். கதவுக்குப் பின்னாலிருந்து ஆறு வயதுப் பெண் ஒருத்தி ஓடிவந்தாள். கன்னத்தில் குழி. ஒரு வாய் கடித்து, கண்ணை மூடித் திறந்தாள்.

"தும்ப சென்னாகிதே அப்பா!"

அம்மா ரிமோட்டை எடுத்து டிவியை அணைத்தாள். அப்பா வீட்டில்தான் இருந்தார். பின்பக்கம் துணி உலர்த்திக்கொண்டிருந்தவர், சத்தம் நின்றதும் உள்ளே வந்து நிலைப்படியில் நின்றார்.

"சேனல்ல கேட்டாங்கம்மா. ஜனங்களுக்குச் சின்னக் கொழந்தை வேணுமாம். அது வெறும் நடிப்புதான்."

"சரிப்பா" என்றேன்.

அவ்வளவுதான். அழவில்லை, கத்தவில்லை. அவரும் மேற்கொண்டு விளக்கவில்லை. அதைப் பற்றி அப்பாவும் நானும் பேசிய கடைசிப் பேச்சு அது. அன்றைக்கு நான் தட்டைத் தூக்கி எறிந்திருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும் என்று பல தடவை தோன்றியிருக்கிறது. சண்டை போட்டால் ஒருநாள் சமாதானமாவது ஆகலாம். நாங்கள் சண்டையே போடவில்லை.

பள்ளியில், "அது உன் தங்கச்சியா?" என்று கேட்டார்கள். ஆமாம் என்றேன்.

அந்தப் பெண் வந்த பிறகுதான் நிகழ்ச்சி பெரிய அளவில் ஓடியது. அப்பா ஓட்டல் வேலையை விட்டார். குக்கர் விளம்பரம், கடை திறப்பு, கல்யாண வீடுகளில் செல்ஃபி. நாங்கள் பொம்மனஹள்ளியில் சொந்தமாக ஃபிளாட் வாங்கிப் போனோம். ஒரு முறை நாங்கள் மூவரும் போயிருந்த புடவைக் கடையில் ஒரு அம்மாள் ஓடிவந்து அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "மகளு எல்லி சார்?" என்று கேட்டார். மகள் எங்கே என்கிறார். மகளான நான் அவர் பக்கத்தில்தான் புடவைப் பையோடு நின்றுகொண்டிருந்தேன். அந்தச் சிறுமி சொந்த மகள் இல்லை என்று வெளியில் யாரிடமும் சொல்லக் கூடாது என்று சேனலில் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்களாம். அது எனக்குப் பிற்பாடு அம்மா சொல்லித் தெரியும். அப்பா என்னை ஒரு தடவை பார்த்தார். பிறகு அந்த அம்மாளிடம் சிரித்துக்கொண்டே, "மனெல்லி இதாளெ" என்றார். வீட்டில் இருக்கிறாள். காரில் வரும்போது மூன்று பேரும் வெளியே பார்த்துக்கொண்டு வந்தோம்.

எல்லாவற்றுக்கும் ஒரு முடிவு உண்டே. ஜனங்கள் ஃபோனில் சமையல் பார்க்கத் தொடங்கினார்கள். ஒரு தீபாவளிக்குப் பிறகு நிகழ்ச்சியை நிறுத்திவிட்டார்கள். அப்பா ஒரு நண்பரோடு கோரமங்களாவில் ரெஸ்டாரன்ட் ஆரம்பித்தார். லாக்டவுனில் அது மூடியதுதான், திறக்கவில்லை. நான் படித்து ஓசூர் ரோட்டில் ஒரு கம்பெனியில் அக்கவுண்ட்ஸ் வேலைக்குச் சேர்ந்திருந்தேன். அப்பா வீட்டில் சமைக்க ஆரம்பித்தார். இருபது பேருக்குச் சமைத்த கைக்கு மூன்று பேருக்கு அளவு பிடிபடவில்லை. சாயங்காலம் நான் வந்ததும் தட்டைப் போட்டுவிட்டு, உட்காராமல் மேஜை ஓரத்தில் நிற்பார்.

"எப்படி இருக்கு?"

"நல்லா இருக்குப்பா."

"உப்பு?"

"சரியா இருக்கு."

சில நாள் சரியாக இருக்காது. வயதாக ஆக அவருக்கு நாக்கு மரத்துக்கொண்டு வந்தது. அவர் கேட்டது உண்மையைத்தான் என்று எனக்குத் தெரியும். ஆனால் ஒரு சொல் சொன்னால் அதன் பின்னால் எல்லாம் வந்துவிடும் போலிருந்தது. அவர் தலையை ஆட்டிவிட்டு அடுப்படிக்குப் போய்விடுவார். முதுகைப் பார்த்தாலே தெரியும், நம்பவில்லை என்று.

போன வருஷம் ஒரு காலையில், காபி டிகாக்ஷன் இறங்கிக்கொண்டிருக்கும்போதே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார். ஆம்புலன்ஸ் வருவதற்குள் முடிந்துவிட்டது. எதிர்பார்க்காத அளவுக்குக் கூட்டம் வந்தது. பழைய கேமராக்காரர்கள், கரண்டி பிடித்த கையோடு வந்த சமையல்காரர்கள், அவரை டிவியில் மட்டுமே பார்த்த பெண்கள். சாம்பலை ஸ்ரீரங்கப்பட்டணத்தில் காவிரியில் கரைத்தோம். காரியமெல்லாம் முடிந்து, வந்திருந்த சொந்தக்காரர்களும் கிளம்பிப் போன பிறகு, ஒரு மத்தியானம் காலிங்பெல் அடித்தது.

சுடிதார் போட்ட ஒரு பெண். கன்னத்தில் குழியைப் பார்த்ததும் எனக்கு யாரென்று தெரிந்துவிட்டது.

"அக்கா, நான் உள்ள வரலாமா?" என்று தமிழில் கேட்டாள். அவள் தமிழ் பேசுவாள் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். ஆனேக்கல்லில் தனியாக இருக்கிறாள், ஓசூரில் ஒரு மருத்துவமனையில் நர்ஸ். "பேப்பர்ல என் போட்டோவ போட்டுட்டாங்க. உங்களுக்கு எப்படி இருந்திருக்கும்னு நெனச்சு நெனச்சு... ஃபோன் பண்ண தைரியம் வரல."

"அதுக்கு நீ என்னம்மா பண்ணுவே? வா, மொதல்ல சாப்பிடு" என்றாள் அம்மா. ரசமும் பீன்ஸ் பொரியலும்தான் இருந்தது. அவள் மறுக்காமல் உட்கார்ந்து சாப்பிட்டாள். நான் எதிரே உட்கார்ந்தேன். இத்தனை வருஷம் நான் மனதுக்குள் திட்டிக்கொண்டிருந்த ஒருத்தி, அப்பளத்தைச் சத்தம் வராமல் ஒடித்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

"அப்பா உன்கிட்ட நல்லாப் பேசுவாரா?" என்று நான்தான் கேட்டேன்.

"நல்லாத்தான் பேசுவாரு அக்கா. வரும்போதெல்லாம் பிஸ்கட் வாங்கி வெச்சிருப்பாரு." கொஞ்சம் தயங்கினாள். "ஆனா மொத நாளே ஒண்ணு சொல்லிட்டாரு. கட் சொன்னப்புறம் நான் ஓடிப் போயி அப்பான்னு கூப்பிட்டேன். அவரு கீழ குந்தி, 'கண்ணு, கேமரா முன்னாடி மட்டும்தான் அப்பா. மத்த நேரம் அங்கிள். என்னை அப்பான்னு கூப்பிட வீட்ல ஒருத்தி இருக்கா'ன்னு சொன்னாரு. திட்டல. மெதுவாத்தான் சொன்னாரு."

அம்மா தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தவள் அப்படியே நின்றாள்.

"உனக்குக் கஷ்டமா இருந்துச்சா?" என்றேன்.

"எங்க அப்பா நான் பொறந்த கொஞ்ச நாள்லயே எங்கள விட்டுட்டுப் போயிட்டாரு அக்கா. அப்பான்னு கூப்பிட எனக்கு வேற ஆளே இல்ல. ஞாபகம் இருக்கு, ஆனேக்கல்லேந்து பஸ்ல வரும்போதே, எப்ப ரோலிங் சொல்வாங்கன்னு இருக்கும். வேணும்னே தப்பு தப்பா சொல்லுவேன். மறுபடி எடுப்பாங்க இல்ல, இன்னொரு தடவை கூப்பிடலாம்." அவள் சிரித்தாள். "அவருக்குத் தெரிஞ்சிருக்கும்னு நெனைக்கிறேன். ஒருநாளும் ஒண்ணும் சொன்னதில்ல."

என் பேரில் அவ்வளவு பிரியம் வைத்திருந்தார் என்று கேட்டதும் எனக்கு மனம் குளிர்ந்திருக்க வேண்டும். குளிரவில்லை. எனக்காக என்று அவர் காப்பாற்றி வைத்ததை, ஒரு சின்னக் குழந்தை கையேந்தி நின்றபோதும் கொடுக்காமல் வைத்ததை, நான் எடுத்துக்கொள்ளவே இல்லை. சொல்லியிருக்கலாம் அவர். ஒரே ஒரு தடவை, அந்தப் புடவைக் கடையிலிருந்து திரும்பும் காரிலாவது சொல்லியிருக்கலாம். நானும் கேட்டிருக்கலாம். அவளும்தான் பாவம், இரண்டு மகள்களில் ஒருத்திக்கும் அவர் முழுசாகக் கிடைக்கவில்லை.

கை கழுவிவிட்டு வந்து, "அவர எங்க அடக்கம் பண்ணியிருக்கீங்க அக்கா? ஒரு பூ வெச்சிட்டுப் போறேன்" என்றாள்.

"காவிரில கரைச்சுட்டோம்மா" என்றேன்.

"ஓ" என்றாள். பிறகு சொன்னாள்: "அவர் போன அன்னிக்கே வந்தேன். கீழ கேட் வரைக்கும் வந்துட்டேன். கூட்டத்துல யாராவது என்னை அவர் பொண்ணுன்னு சொல்லிட்டா உங்களுக்குக் கஷ்டமா இருக்குமேன்னு திரும்பிப் போயிட்டேன்."

மேலே வந்திருக்கலாமே என்று சொல்ல வாயெடுத்தேன். அன்றைக்கு அவள் மேலே வந்திருந்தால் நான் என்ன செய்திருப்பேன் என்று எனக்கே தெரியாததால் சொல்லவில்லை. ஹாலில் மாலை போட்டு மாட்டியிருந்த படத்தின் முன்னால் கொஞ்ச நேரம் நின்றாள். அவள் உதடு அசைந்ததா என்று நான் பார்க்கவில்லை. வேண்டுமென்றே சமையலறைக்குப் போய்விட்டேன்.

பஸ் ஸ்டாப் வரை கூடப் போனேன். ஓசூர் ரோட்டில் வழக்கமான நெரிசல். ஆனேக்கல் பஸ் வந்ததும் என் கையை ஒரு முறை அழுத்திவிட்டு ஏறிக்கொண்டாள். பிறகு சில மாதம் வாட்ஸ்அப்பில் பண்டிகை வாழ்த்து வந்துகொண்டிருந்தது. நானும் பதில் போட்டேன். இப்போது அதுவும் இல்லை.

வீடு திரும்பியபோது அம்மா வாசலிலேயே நின்றிருந்தாள்.

"போயிட்டாளா?"

"ம்."

"தனியா இருக்கிற பொண்ணு. ராத்திரிக்குக் கொஞ்சம் கட்டிக் கொடுத்திருக்கலாம்" என்றாள் அம்மா.

எனக்கு அது தோன்றவே இல்லை.