ருசி பார்த்த கையெழுத்து

அன்றைக்குத் தலைமையாசிரியர் அறையில் இருந்தவர்கள்: கீழே ஆபீசிலிருந்து ஜீப்பில் வந்த அதிகாரி. பள்ளிக்கூடத்தை நடத்துகிற தாளாளர். தலைமையாசிரியர். என் மகள். வாசற்படியில் நான், கரண்டியோடு. அங்கே சத்துணவு ஆக்குகிறவள் நான்.

என் வீட்டுக்காரர் அந்தப் பள்ளியில் வாத்தியார். நெஞ்சுவலி. வண்டி முள்ளுக்குறிச்சி ஆஸ்பத்திரி போய்ச் சேருமுன்பே போய்விட்டார். நான் ஆறாவதோடு நின்றவள். மகள் டீச்சர் டிரெயினிங் முடித்திருந்தாள். கருணை அடிப்படையில் அப்பா வேலை உனக்குத்தான் என்றார் தாளாளர். காரியம் முடிந்த மறுவாரமே அவர் வகுப்பில் அவளை நிறுத்தினார். ஆபீசில் ஒப்புதல் வந்துவிட்டால் சேர்ந்த நாளிலிருந்து சம்பளம் என்று சொன்னார். அதுவரைக்கும் வருகைப் பதிவேட்டில் பென்சிலால் கையெழுத்துப் போடச் சொன்னார் தலைமையாசிரியர்.

"ஆர்டர் வந்ததும் மேலயே பேனாவுல போட்டுக்கலாம், சாமி."

போட்டாள். மூன்று வருஷம்.

ஒப்புதல் வந்தது. அது வந்த தேதியிலிருந்துதான் சம்பளம் என்று இருந்தது. பழைய மூன்று வருஷத்துக்கு மகள் மனுக் கொடுத்தாள். அதை விசாரிக்கத்தான் அதிகாரி மலையேறி வந்தார்.

பதிவேட்டைத் திறந்தார்கள். அவள் வரி வெள்ளையாகக் கிடந்தது. ரப்பர் தேய்த்துத் தேய்த்துத் தாள் மெலிந்து, பின்பக்கத்து எழுத்து தெரிந்தது.

"அப்பப் பாப்பா சும்மா சேவையா வந்துட்டுப் போச்சுங்க," என்றார் தலைமையாசிரியர். அவளைப் பார்க்கவில்லை.

"ஊட்ல தனியா இருக்கறதுக்கு இங்க வந்துச்சு. நாம வேண்டாம்னா சொல்ல முடியும்?" தாளாளர் சிரித்தார்.

எனக்கு வாயில் எச்சில் ஊறியது. துப்ப இடமில்லை.

அதிகாரி ஒரு தாளை நகர்த்தினார். "பழைய சம்பளம் கேக்க மாட்டேன்னு இதுல போட்டுடும்மா. இருக்கற வேலையும் தொங்கலாகிடக் கூடாது பாரு."

மகள் பேனாவை எடுத்தாள்.

"ஏனுங்க, சோறு ஆறுதுங்க," என்றேன். வேறென்ன சொல்லத் தெரியும்.

"அதக் கொண்டாங்க மொதல்ல," என்றார் அதிகாரி.

பிள்ளைகளுக்குப் போடுமுன் ஒரு ஆசிரியர் ருசி பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். அதற்கு ஒரு நோட்டு உண்டு. தட்டோடு அதையும் வைத்தேன். அதிகாரியே போட்டார். இன்னொரு முட்டை கேட்டார். தலைக்கு ஒன்றாக வந்த முட்டை. யாரோ ஒரு பிள்ளையுடையது. வைத்தேன்.

நோட்டைத் திரும்ப வாங்கும்போதுதான் எனக்குப் பட்டது. தலைமையாசிரியருக்குப் பருப்பு ஒத்துக்காது. தினமும் "பாப்பா, நீ போய்ப் பாரு" என்று மகளைத்தான் அனுப்புவார். சமையல் அறையில் பென்சில் கிடையாது. பேனா ஒன்று கயிற்றில் தொங்கும்.

அரிசி மூட்டைக்குப் பின்னால் கிடந்த பழைய நோட்டுகளைக் கொண்டு வந்து மேசையில் போட்டேன். ஓரத்தை எலி தின்றிருந்தது. நீல மை அப்படியே இருந்தது.

"அது சமையல் நோட்டுங்க சார்," என்றார் தலைமையாசிரியர்.

"சாம்பார் குடிச்சதுக்குப் போட்டது. பாடம் நடத்துனதுக்கா?" என்றார் தாளாளர்.

"ஆசிரியர் மட்டும்தான் போடோணும்னு அட்டையில இருக்குதுங்க," என்றேன்.

அதிகாரி அட்டையைப் பார்த்தார். ஏப்பம் விட்டார். "எத்தனை நாள்னு எண்ணி எழுதிக் குடுங்க. ஃபைல்ல வைக்கிறேன். அதுக்கு மேல என் கையில இல்ல."

"பேனாவ வெச்சுரு, கண்ணு," என்றேன். வைத்தாள்.

அவர்கள் கை கழுவ எழுந்து போனார்கள். நான் தரையில் உட்கார்ந்து எண்ணினேன். அவள் லீவு போட்ட நாளில் வேறு கையெழுத்து இருந்தது. அதை விட்டேன். தப்பு வரக் கூடாதென்று திரும்பவும் எண்ணினேன்.

அறுநூற்று நாலு.