ஏழுமலை என்றொரு குடும்பத் தலைவர்

போன திங்கட்கிழமை மைசூர் கேம்ப் முடிந்து வீடு திரும்பினேன். வாசலிலேயே என்னை நிறுத்தி, தலை முதல் கால் வரை பார்த்தாள் என் மனைவி.

“உடம்பு நல்லாத்தானே இருக்கு? ரயில்ல ஒண்ணும் ஆகலியே?”

நன்றாகத்தான் இருக்கிறேன் என்றேன். நம்பவில்லை. நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள். ஆபீஸ் வேலையாக நாலு நாள் மைசூர் போய்வந்தவனுக்கு இத்தனை சோதனையா? நான் என்ன பர்மா சண்டையிலிருந்தா வருகிறேன்?

விஷயம் மறுநாள்தான் தெரிந்தது. அடுத்த வீட்டு ஸ்டெல்லா டீச்சர் சொன்னார்.

அதற்கு முன் ஒரு விளக்கம். எங்களுக்குக் கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷம். இதுவரை ஒரு தடவைகூட அவள் என் பெயரைச் சொன்னதில்லை. சொன்னால் புருஷனின் ஆயுசு குறையும் என்று அவள் அம்மா சொல்லி அனுப்பியிருக்கிறார். என் பெயரோ வேங்கடேசன் – பெங்களூரில் இந்தப் பெயர் இல்லாத தெரு உண்டா? எங்கள் ஆஸ்டின் டவுன் மளிகைக்காரருக்கும் அதே பெயர்தான். அவளுக்கு அவர் ‘மூலைக்கடைக்காரர்’. கோயிலுக்குப் போனாலும் ‘கோவிந்தா’வோடு நிறுத்திக்கொள்வாள். சுவாமி இதுவரை கோபித்துக்கொள்ளவில்லை.

யுத்தம் வந்தது. பின்னாலேயே ரேஷனும் வந்தது. கார்டுக்காகப் பெயர் எழுத வந்த குமாஸ்தா, வீட்டுத் தலைவர் பெயர் என்ன என்று கேட்டிருக்கிறார். நான் அப்போது ஆபீசில். ‘திருப்பதி ஏழுமலையான் பேருதாங்க’ என்றிருக்கிறாள் இவள். அவரும் நம் தமிழர்தான்... ‘ஏழுமலை’ என்று அழகாக எழுதிக்கொண்டு போய்விட்டார். கார்டு வந்தபோது அதை நானும் சரியாகப் பார்க்கவில்லை. அரிசி வந்தால் போதாதா?

நான் மைசூரில் இருந்தபோது சோதனைக்கு ஆள் வந்தார். வாசல் பலகையில் ஒரு பெயர், கார்டில் வேறு பெயர். இல்லாத ஆளுக்கு அரிசியா? கார்டை வாங்கிக்கொண்டார். சனிக்கிழமைக்குள் ரேஷன் ஆபீசுக்கு வந்து திருத்தாவிட்டால் ரத்து என்று சொல்லிவிட்டார். வீட்டில் நாலு பிள்ளைகள். டின்னில் இரண்டு நாளைக்குத்தான் அரிசி. நான் வருவதோ திங்கட்கிழமை!

டீச்சரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு போய் க்யூவில் நின்றிருக்கிறாள். அவளுக்குப் பதில் நான் சொல்கிறேனே என்றாராம் டீச்சர். ஆபீசர் ஒப்பவில்லை. வீட்டுக்காரம்மா வாயால்தான் வர வேண்டும்.

“யஜமான்ரு ஹெசரு ஹேளம்மா” என்றார் கன்னடத்தில் – வீட்டுக்காரர் பெயரைச் சொல்லம்மா என்று.

பின்னால் க்யூவில் முணுமுணுப்பு. இவள் தாலியைக் கையில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினாளாம்.

“வேங்கடேசன். எங்க வீட்டுக்காரர் பேரு வேங்கடேசன். ஏழுமலைன்னு எங்க வீட்ல யாரும் இல்ல.”

அவர் எழுதி முடிக்கும்வரை, கேட்டபோதெல்லாம் திருப்பிச் சொன்னாளாம். அதன்பிறகு அந்த க்யூவில் ஒருத்தியும் புருஷன் பெயரைச் சொல்லாமல் ஜாடை காட்டவில்லையாம். முனுசாமி, அந்தோணி, கோபால் என்று புருஷன்மார் பெயர்கள் வரிசையாக வந்துகொண்டே இருந்தன என்றார் டீச்சர், தன் கிளாஸ் மொத்தமும் பாஸான மாதிரி.

எனக்குப் பெருமை தாங்கவில்லை. அதை ஏன் மறைக்க வேண்டும்? மாதர் முன்னேற்றம் பற்றி நானும் மேடை ஏறி ஒரு மணி நேரம் பேசியிருக்கிறேன், சோடா குடித்துவிட்டு இறங்கியிருக்கிறேன். அவள் சொன்னது ஒரே ஒரு பெயர். அதைச் சொல்லிவிட்டு, நான் உயிரோடு திரும்பும்வரை இரண்டு நாள் எப்படிக் காத்திருந்தாளோ!

அன்று சாயங்காலம் சமையலறைக்குப் போனேன். ஊரே கேட்ட பெயரை நான் ஒரு தடவை கேட்கக் கூடாதா என்றேன்.

அடுப்பிலிருந்து முகத்தைத் திருப்பாமலே பதில் வந்தது...

“ஏன், நீங்க என்ன ரேஷன் ஆபீசரா?”