கோல் அடிக்காத கானாக்காரர்

சனிக்கிழமை காலை ஒன்பது நாற்பதுக்கு நெய்யூர் சந்திப்பில் கருங்கல் பேருந்துக்காக நின்றேன். தோளில் இரண்டு பைகள், இடுப்பில் பதினான்கு மாத மகள் ஜெமி. பைகளில் என் பொருள் எதுவும் இல்லை. மூன்று உடுப்பு, தொப்பி, வெந்நீர் ஃபிளாஸ்க், ராகிக் கூழ், காய்ச்சல் மருந்து, தெர்மாமீட்டர். பிள்ளைக்குக் காய்ச்சல் இல்லை. வந்துவிட்டால் என்ன செய்வது என்றுதான் எடுத்து வைத்தேன். "கடக்கரைக் காத்து பிள்ளைக்கு ஒக்காது, பாத்துக்கோ" என்று மாமியார் வாசலில் சொன்னார். மஸ்கட்டிலிருந்து கணவர் அனுப்பிய குரல் பதிவு, "போய்ட்டு வா, ஆனா பாத்து" என்றது. அந்த 'ஆனா' எதற்கு என்று கருங்கல் வரும்வரை யோசித்துக்கொண்டிருந்தேன்.

கருங்கல்லில் மாறி, பத்து ஐம்பதுக்குப் புதுக்கடை. இரண்டும் பெண்களுக்குக் கட்டணமில்லாப் பேருந்துகள். புதுக்கடைச் சந்தையில் அண்ணன் வீட்டுக்கு இரண்டு கிலோ ஏத்தன்பழம், அதாவது நேந்திரம்பழம், வாங்கினேன், நூற்று நாற்பது ரூபாய். அங்கிருந்து முன்சிறை வழியாக நித்திரவிளை, ஏறத்தாழ எட்டு கிலோமீட்டர். பிறகு கடற்கரைக்கு ஆட்டோவில் நான்கு கிலோமீட்டர், நூற்றிருபது ரூபாய். தென்னந்தோப்புகள் முடிந்து, சாலையின் கடைசி வளைவில் கோயில் கோபுரமும் அதன் பின்னால் கடலும் சேர்ந்து எழும்பும் ஊர்தான் நான் பிறந்த ஊர். பெயரை எழுத வேண்டாம் என்று அண்ணன் கேட்டுக்கொண்டான். காரணம் போகப்போகத் தெரியும்.

இந்தக் கரைக்கு வந்திராதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். இங்கே ஊருக்கொரு கோயில் இருப்பதுபோல ஊருக்கொரு கால்பந்துக் குழு உண்டு. மைதானம் கோயிலை ஒட்டி இருக்கும். கோல் கம்பங்களில் கட்டியிருப்பது கடையில் வாங்கிய வலை அல்ல, கடலுக்குப் போய்ப் பழசான வலை. திருவிழாவை ஒட்டி நடப்பது செவன்ஸ், அதாவது பக்கத்துக்கு ஏழு பேர் ஆடும் ஆட்டம். கேரளத்தின் மலபார் பக்கத்தைப் போல இங்கேயும் சில குழுக்கள் ஆப்பிரிக்க ஆட்டக்காரர் ஒருவரை அழைத்து வருகின்றன. எங்கள் ஊர் இந்த ஆண்டுதான் முதன்முதலாக, கோழிக்கோட்டு முகவர் ஒருவர் மூலம் அழைத்திருந்தது. கானா நாட்டுக்காரர், பெயர் குவாபேனா. ஊர் அதைப் 'பேனா' என்று சுருக்கிவிட்டது.

அண்ணன் கிளீட்டஸ் குழுவின் செயலாளர். வியாழக்கிழமை போனில் கூப்பிட்டு, "ஏட்டி ரெஜி, சனிக்கிழமை வந்திரு. அந்த ஆளுட்ட ஒரு காரியம் சொல்லணும். எங்க இங்கிலீஷுக்கு அவன் சிரிச்சிட்டு நிக்கான். நீ டீச்சருல்லா" என்றான். என்ன காரியம் என்று கேட்கவில்லை. அண்ணன் கூப்பிட்டால் போக வேண்டும் என்று வளர்ந்தவள் நான்.

பதினொன்று ஐம்பதுக்கு வீடு சேர்ந்தேன். அண்ணன் மனைவி, என் மைனி, மீன் குழம்பும் மரச்சீனி என்கிற மரவள்ளிக்கிழங்கும் வைத்திருந்தாள்.

"அவருக்கும் இதுதான் ரெஜி. அவங்க ஊர்லயும் இந்தக் கிழங்கு உண்டாம். அவிச்சத உரல்ல இட்டு இடிக்கச் சொல்லுதாரு. இடிச்சுக் குடுத்தேன். அப்பிடியே உருட்டி முழுங்குதாரு, ஒத்தப் பல்லு படல்ல!"

அண்ணன் அப்போதுதான் காரியத்தைச் சொன்னான். "ரெண்டு மேட்ச் ஆடியாச்சு, ஒரு கோல் இல்ல. இன்னைக்கு செமி. கோல் அடிக்கேலன்னா நாளைக்கு விடியக்கால வண்டியில கோழிக்கோட்டுக்கு ஏத்தி விட்ருவோம்னு கமிட்டி முடிவாக்கும். அத நீ மரியாதையா அவன்ட்ட சொல்லணும்."

"கோழிக்கோட்டுல வேற டீம் எடுப்பாங்களா?"

"ஒரு டீம் திருப்பி அனுப்புனா எல்லா வாட்ஸாப் குரூப்லயும் போயிரும். பொறவு யாரு எடுப்பா? ஊருக்குப் போக வேண்டியதுதான்."

இதற்காகவா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு மூன்று வண்டி மாறி வந்தேன் என்று இருந்தது. முடியாது என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

பகல் ஒரு மணிக்கு ஜெமியைத் தூக்கிக்கொண்டு போய் அவரைப் பார்த்தேன். கடலரிப்புக்காகக் கொட்டிய கற்குவியலின் ஓரத்தில், உடைந்த சுவர் ஒன்றின் நிழலில் இருந்தார். முப்பத்து மூன்று வயது. நான் நினைத்த அளவு உயரம் இல்லை. என்னைக் கண்டதும் எழுந்து நின்றார். நான் சொல்ல வந்ததைத் தள்ளிப்போட நினைத்து, எங்கே ஆடினீர்கள் என்று கேட்டேன். அவர் முழுவதும் சொன்னார்.

குமாசிக்கு வடக்கே ஒரு சிற்றூர். அம்மா சந்தையில் வாழைக்காய் விற்றவர். எங்கள் சிதறால் பக்கத்து மண்ணைப் போல அங்கேயும் செம்மண்ணாம். அந்த மண்ணில் வெறுங்காலோடு ஆடியிருக்கிறார். பதினேழு வயதில் கொக்கோ விளையும் ஓர் ஊரின் இரண்டாம் பிரிவுக் குழு. இருபதில் நாட்டின் முதல் பிரிவு. ஒரே குழுவில் ஒன்பது பருவங்கள், கடைசி இரண்டில் கேப்டன். வடக்கே தாமாலேயில் ஆட்டம் என்றால் பேருந்தில் ஒரு முழுப் பகல். ஞாயிறு வெயிலில் ஆடிவிட்டு மறுபடி அதே பேருந்து. கூட ஆடியவர்களில் சிலர் ஐரோப்பா போனார்கள். இவரைக் கேட்டு யாரும் வரவில்லை. முழங்காலில் ஓர் அறுவை, அதன் பிறகு குழுவில் இளையவர்கள். ஊரில் ஆறு வயது மகள் இருக்கிறாள், அபேனா. செவ்வாய்க்கிழமை பிறந்த பெண்ணுக்கு அந்தப் பெயர், ஆணுக்குக் குவாபேனா. இருவருக்கும் ஒரே கிழமை.

"ஒன்பது பருவத்தில் எத்தனை கோல்?" என்று கேட்டேன்.

"நான்கு," என்றார். "அதில் ஒன்று என் முதுகில் பட்டுப் போனது."

அவர் மிட்ஃபீல்டர். பின்னால் நிற்பவர்களுக்கும் முன்னால் ஓடுபவர்களுக்கும் நடுவில் நின்று, பந்தை வாங்கிக் கொடுப்பவர். வாழ்க்கையில் ஒரு நாளும் முன்வரிசையில் ஆடியதில்லை. இங்கே வந்த முதல் நாளே அதைச் சொல்லியிருக்கிறார். எல்லோரும் "யெஸ், யெஸ்" என்று தலையாட்டிவிட்டு முன்னால் நிறுத்திவிட்டார்கள்.

பிறகு நான் சொல்ல வந்ததைச் சொன்னேன். எவ்வளவு மென்மையாகச் சொன்னாலும் அந்தச் செய்தி மென்மையாகவில்லை. அவர் கோபப்படவில்லை. "இந்தப் பருவம் முழுவதும் ஆடுவேன் என்று மகளிடம் சொல்லிவிட்டு வந்தேன்" என்று மட்டும் சொன்னார். பேசும்போது அவர் தலை ஓயாமல் திரும்பிக்கொண்டிருந்தது. இடது பக்கம், வலது பக்கம், தோளுக்குப் பின்னால். பேச்சு பிடிக்கவில்லைபோல என்று நினைத்தேன்.

திடீரென்று, என் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமலே, என் முதுகுக்குப் பின்னால் கையை நீட்டினார். கை திரும்பி வந்தபோது அதில் ஜெமியின் உடுப்பு இருந்தது, உடுப்புக்குள் ஜெமி இருந்தாள். கரண்டியைக் கொடுத்து என் இடப்பக்கம் உட்கார வைத்திருந்தேன். எப்போது தவழ்ந்து பின்னால் போனாள் என்று தெரியாது. இரண்டடி தள்ளிக் கற்களுக்கு நடுவே ஒரு பொந்து, அதன் அடியில் அலை நுரைத்துக்கொண்டிருந்தது.

பிள்ளையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, "நீங்கள் பார்க்கவே இல்லையே" என்றேன்.

"இப்போது பார்க்கவில்லை. முன்பே பார்த்துவிட்டேன். அங்கேதான் போவாள் என்று தெரியும்."

தெர்மாமீட்டர் முதல் எல்லாம் கொண்டுவந்த தாய் பார்க்காததை, என்னோடு பேசிக்கொண்டே ஒருவர் பார்த்து வைத்திருந்தார். இதைத்தான் அவர் ஒன்பது பருவமும் செய்திருக்கிறார் என்று அப்போது புரிந்தது.

இரண்டரை மணிக்கு, வலை பின்னும் கொட்டகையில் கமிட்டி கூடியிருந்தது. கட்டிக்கொடுத்த பெண் இதில் பேசலாமா என்று வாசலில் இரண்டு முறை திரும்பினேன். மூன்றாம் முறை உள்ளே போய்விட்டேன். தலைவர் சிலுவை மாமாவிடம், அவரை நடுவில் ஆட விடுங்கள் என்றேன்.

"ஏட்டி மக்கா, கடல் தாண்டி ஒருத்தன கொண்டு வந்தது நடுவுல நிக்கதுக்கா? ஆப்பிரிக்காக்காரன்னா முன்னாடி நின்னு அடிக்கணும். நடுவுல நிக்க நம்ம ஊர்ல ஆளில்லியா?"

சிலுவை மாமா ஆழ்கடல் விசைப்படகில் ஸ்ராங்காக இருந்தவர். படகை ஓட்டி, மீன் எங்கே என்று பார்த்து, எங்கே வலை போடுவது என்று சொல்பவர்தான் ஸ்ராங்கு.

"மாமா, நீங்க எத்தன வருசம் ஸ்ராங்கா இருந்திய?"

"இருவத்திரண்டு."

"ஒரு நாளாவது வலை இழுத்தியளா?"

"ஸ்ராங்கு எதுக்குட்டி வலை இழுக்கணும்? நான் சுக்கான விட்டுட்டு வலையப் பிடிச்சா, படகு எங்கயாக்கும் போவும்?"

அண்ணன்தான் முதலில் சிரித்தான். "மாமா, ஒமக்க வாயாலயே சொல்லியாச்சு. நாம ஸ்ராங்க வலை இழுக்க விட்டுட்டு மீனு வரல்லன்னு ஏசிட்டிருக்கோம்."

சிலுவை மாமா வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தார். "செரி. தோத்தா பழி ஒனக்கு. ஒனக்க மாப்பிள வீட்டுக்கு வந்து சொல்லுவேன், கேட்டியா?"

நான்கு மணிக்கு ஆட்டம். எதிரணி அடுத்த ஊர். ஒரு பாதிக்கு அரை மணி நேரம். பத்தாவது நிமிடத்திலேயே அவர்கள் ஒரு கோல் போட்டுவிட்டார்கள். பின்னால் ஒருவர் கத்தினார்: "பேனாவுல மை தீந்து போச்சு லே!" மைக்கில் வர்ணனை: "பேனா பந்த எடுக்குது... பேனா முன்னாடி போகும்... ஐயோ, பேனா அத ஏம்லே அடுத்தவனுக்குக் குடுத்தது!"

நான் பந்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு அவரை மட்டும் பார்த்தேன். இந்த மைதானத்து வேலிக்கு வெளியே நின்று சிறு வயது முழுவதும் ஆட்டம் பார்த்தவள். ஒரு முறைகூட இப்படிப் பார்த்ததில்லை. பந்து வருவதற்கு முன்பே அவர் கழுத்து இரண்டு முறை திரும்பிவிடுகிறது. பந்து காலில் பட்ட அதே நொடியில் அது போய்விடுகிறது. அவர் ஓடுவதே குறைவு. ஆனால் எந்தப் பந்தும் கடைசியில் அவர் நிற்கும் இடத்துக்கே வருகிறது. இரண்டாம் பாதியில், அதுவரை இடித்துப் புரண்டு ஆடிய நம் ஆறு பேரும் கொஞ்சம் கொஞ்சமாக மாறினார்கள். யாரும் கூப்பிடவில்லை, கத்தவில்லை. தலையைத் தூக்கி அவரைத் தேடினார்கள். கூட்டத்தின் சத்தம் மெல்ல அடங்கியது. வேலியைப் பிடித்திருந்த என் கையில் கயிறு பதிந்ததுகூடத் தெரியவில்லை.

ஐந்து மணிக்கு அது நடந்தது. கடல் பக்கத்துக் கோலுக்கு முதுகைக் காட்டி நின்றவருக்கு முழங்கால் உயரத்தில் ஒரு பந்து. இரண்டு பேர் அவர்மேல் பாய்ந்தார்கள். அவர் திரும்பவில்லை. குதிகாலால் பின்பக்கம் தட்டினார். அங்கே யாரும் இல்லை. 'போச்சு' என்று நினைப்பதற்குள், சூரை மீன் பிடிக்கப் போகும் ஷிஜின் என்ற நம் ஊர்ப் பையன் அந்த வெற்றிடத்துக்குள் ஓடி வந்துகொண்டிருந்தான். பந்து அவனுக்காகக் காத்திருந்தது. அடித்தான். பழைய வலை வயிறு வீங்கியது.

ஒன்றுக்கு ஒன்று. கோயில் வளாகமே துள்ளியது. ஜெமி பயந்து அழுதாள், நானும் அழுதேன், காரணம் வேறு.

ஆனால் வெற்றி கிடைக்கவில்லை. பெனால்டியில் அடுத்த ஊர் வென்றது. அவர் அடித்தது உள்ளே போனது. நம் ஊர்க்காரர் இருவர் அடித்தது கம்பத்துக்கு மேலே போனது. தோற்றால் பழி எனக்கு என்று ஒத்துக்கொண்டு வந்தவள், மைனிக்குப் பின்னால் ஒளியாத குறையாக நின்றேன். என் வாய்த்துடுக்கால் அந்த மனிதரின் பருவம் முடிந்தது என்றே நினைத்தேன்.

அப்போது வென்ற ஊரின் கேப்டன் நேரே எங்கள் பக்கம் வந்தார். "உங்களுக்கு ஆளு வேண்டாம்னு கேள்விப்பட்டோம். எங்களுக்குத் தாருங்க. ஃபைனலுக்கும், அதுக்குப் பொறவும் நாங்க வச்சுக்கிடுதோம்."

"யாருலே சொன்னா வேண்டாம்னு?" சிலுவை மாமா வேட்டியை மடித்துக் கட்டினார். "ஜெயிச்சதோட நிறுத்திக்கிடணும். ஆளு எங்க ஆளு. சீசன் முடியட்டு, அடுத்த வருசமும் எங்க ஆளு!"

"நாளைக்கு வண்டி ஏத்தப் போறியன்னு ஊரே சொல்லுது!"

"எந்த ஊரு? ஒங்க ஊரா? ஒங்க ஊரு சொல்லுதத எவன் கேப்பான்?"

இரு ஊர்க்காரர்களும் நெஞ்சோடு நெஞ்சாக நிற்க, நடுவில் நின்ற குவாபேனா என்னைப் பார்த்தார். எதற்குச் சண்டை என்று கேட்டார். இரண்டு ஊரும் உங்களைக் கேட்கிறது என்றேன். அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். அதை உரக்க மொழிபெயர்த்தேன்:

"எங்க நிக்கணும்னு கேக்காரு."

"நடுவுல!" என்றார்கள் இரண்டு ஊர்க்காரர்களும்.

எங்கள் ஊரிலேயே இருப்பதாக அவர் முடிவு சொன்னார். ஊர்ப் பெயரை எழுதாததற்குக் காரணம் இதுதான். அடுத்த பருவத்துக்கு வேறு எந்த ஊரும் வந்து கேட்டுவிடக் கூடாதாம்.

ஐந்து ஐம்பதுக்குக் கிளம்பினேன். ஜெமி தோளில் தூங்கிவிட்டாள். நித்திரவிளை ஆட்டோக்காரர் ஆட்டம் பார்க்காதவர். "கோல் யாரு போட்டா டீச்சர்?" என்றார். ஷிஜின் என்றேன். "அப்ப அந்த ஆப்பிரிக்காக்காரன் ஒண்ணும் செய்யல்லியா?"

சொல்லத் தொடங்கினேன். நான்கு கிலோமீட்டரும் சொன்னேன். நித்திரவிளை சந்திப்பில் வண்டி நின்றபோது, அந்தக் குதிகால் தட்டலுக்குக்கூட நான் இன்னும் வந்திருக்கவில்லை. எதிரே புதுக்கடைப் பேருந்து புறப்படத் தயாராக நின்றது. அதை விட்டால் அடுத்தது அரை மணி நேரம் கழித்து. நடத்துநர் என்னைப் பார்த்து விசில் ஊதினார்.

"போங்க, நான் வரல்ல" என்று கையை அசைத்துவிட்டு, ஆட்டோக்காரர் பக்கம் திரும்பினேன்.