ஜெல்யோவின் நீலப் பீப்பாய்

ஈர பூட்ஸைக் கழற்றுவதற்கு முன்பே ஜெல்யோ பால்கனிக்குப் போய்விடுவான். அங்கே மடக்கு நாற்காலிக்கும் பழைய கார் டயர்களுக்கும் நடுவில், இடுப்பளவு உயரமான நீலப் பிளாஸ்டிக் பீப்பாய் ஒன்று நிற்கிறது. மூடியைத் திறந்து, மேலே அழுத்திக் கிடக்கும் ஆற்றுக்கல்லை ஓரமாகத் தள்ளி, ரப்பர் குழாயை அடிவரை இறக்கி, மறுமுனையை வாயில் வைத்து ஊதுவான். உப்புநீர் குளுகுளுவென்று கொப்பளிக்கும். முழுசு முழுசாக ஊறும் முட்டைக்கோஸ்கள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு புரளும். கண் பிதுங்க ஊதி முடித்ததும் பீப்பாயில் காதை வைத்துக் கேட்பான். "மோட்டார் நல்லா ஓடுது" என்று தனக்குத்தானே சான்றிதழ் கொடுத்துவிட்டுத்தான் பூட்ஸைக் கழற்றுவான்.

மேல்மாடி பால்கனியிலிருந்து குரல் இறங்கும். "என்ன மாப்ள, ஹூக்கா குடிச்சாச்சா?"

அது மின்கா. அவன் மனைவி தோன்காவின் அக்கா. "இன்னும் ரெண்டு இழுப்பு பாக்கி மதினி, வேணும்னா இறங்கி வாங்க" என்பான் இவன்.

பெர்னிக் நகரத்து அடுக்குமாடிகளில் லிஃப்ட் பழுது பார்ப்பது ஜெல்யோவின் பிழைப்பு. ஆனால் தன் வீட்டுக்கு ஆறு மாடியும் படியேறித்தான் போவான். ஏனென்று கேட்டால், "உள்ள என்னென்ன இருக்குன்னு எனக்குத்தானே தெரியும்" என்று சிரிப்பான். நடுவழியில் மாட்டிக்கொண்டவர்களிடம் கதவிடுக்கு வழியாக அவன் சொல்வது எப்போதும் ஒன்றுதான்: "பதறாதீங்க, கயிறு கெட்டி!" அடுத்த கேள்வி, "இன்னைக்கு உங்க வீட்ல என்ன சமையல்?" சமையலைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் யாருக்கும் பயம் போய்விடும் என்பது அவன் கண்டுபிடிப்பு. இத்தனை வீட்டுச் சமையலைக் கேட்டுக் கேட்டுத் தெரிந்துகொண்டவனுக்கு, இரண்டு வருஷம் முன்புவரை முட்டை உடைக்கத் தெரியாது.

தோன்கா இத்தாலியில் ஒரு வயதான தம்பதியைப் பார்த்துக்கொள்ளப் போனபோது பீப்பாய் இவன் தலையில் விழுந்தது. அதுவரை அது அவள் ராஜ்ஜியம். போன வருஷம் கோஸை அடுக்கினான், உப்புநீரை ஊற்றினான், மூடியைப் போட்டு மறந்தே போனான். உப்பு தன் வேலையைத் தானே பார்த்துக்கொள்ளும் என்று நினைப்பு; தினமும் ஊதி உப்புநீரைக் கலக்கிவிட வேண்டும் என்பது தெரியாது. கோஸ் கொழகொழத்துப்போய், நாற்றம் தரைத்தளம்வரை இறங்கியது. கிறிஸ்துமஸுக்கு வந்த தோன்காவுக்குக் கடையில் வாங்கிய ஜாடிக் கோஸில் கோழியைச் சுட்டு வைத்தான். அவள் இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள். கொண்டுவந்த பெட்டியைக்கூட முழுசாகப் பிரிக்கவில்லை. திரும்பிப் போகும்போது பேருந்துப் படியில் நின்று சொன்னாள்: "அடுத்த வருஷம் அங்கேயே இருந்துடலாம்னு பாக்குறேன். இங்க வந்தாலும் விருந்தாளி மாதிரிதானே இருக்கு."

அந்த ஒரு வார்த்தை அவனை உள்ளுக்குள் அறுத்துப் போட்டது. சொந்த வீட்டில் விருந்தாளியாம்! இந்த நவம்பரில் போன் போட்டு, "பீப்பா வச்சிருக்கேன். வந்துதான் பாரேன்" என்றான். "பாக்கலாம்" என்றாள். அன்றிலிருந்து அவன் ஊதாத நாளில்லை.

கோஸ் தேறிவிட்டது, சமையல்தான் காலை வாரியது. டிசம்பர் ஆரம்பத்தில் ஒரு வெள்ளோட்டம் விட்டான். கோழி என்றால் உப்பு என்று கை பழகிப்போயிருந்தது. தாராளமாகத் தடவி, ஏற்கெனவே உப்பில் ஊறிய கோஸின்மேல் கிடத்தி அடுப்பில் வைத்துவிட்டான். மின்கா ஒரு வாய் வைத்தாள், முகம் கோணியது. "கருங்கடலையே ட்ரேயில ஊத்திட்டியா மாப்ள? பேசாம ஒதுங்கு. கிறிஸ்துமஸுக்கு அவ வர்ற அன்னைக்கு நானே செஞ்சு இறக்கி வைக்கிறேன். நீ செஞ்சதுன்னு சொல்லிக்கோ."

"முடியாது மதினி. கருகினாலும் என் கையால கருகட்டும்."

கிறிஸ்துமஸ் அன்று காலையிலேயே ஜெல்யோ களத்தில் இறங்கினான். பீப்பாயிலிருந்து எடுத்த கோஸைப் பொடியாக நறுக்கி, தண்ணீரில் ஒரு அலசு அலசி, இறுகப் பிழிந்தான். சூரியகாந்தி எண்ணெயில் வதக்கி, காரமில்லாத சிவப்பு மிளகாய்த்தூள், மிளகு, பிரிஞ்சி இலை, ஒரு கைப்பிடி அரிசி போட்டான். அரைவேக்காடாய் எடுத்த நாட்டுக்கோழியை மேலே கிடத்தி, அது வெந்த தண்ணீரைச் சுற்றிலும் ஊற்றி, அடுப்புக்குள் தள்ளினான். "பதறாத, கயிறு கெட்டி" என்று கோழிக்கும் ஒரு வார்த்தை சொல்லி வைத்தான்.

மேற்பார்வை பார்க்க வந்த மின்காவின் கை வழக்கம்போல உப்பு ஜாடிக்குப் போனது. போன வேகத்தில் நின்றது. ஜாடியின் கழுத்தில் லிஃப்ட் கதவில் மாட்டும் அட்டை தொங்கியது: பழுது, உபயோகிக்க வேண்டாம். மின்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

நடுப்பகலில் தோன்கா வந்து சேர்ந்தாள். அவள் லிஃப்டில் ஏற, அவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு படியில் ஓடினான். மூச்சு வாங்க மேலே வந்தபோது அவள் கோட்டைக்கூடக் கழற்றாமல் மேஜை முன்னால் உட்கார்ந்திருந்தாள். ட்ரே நடுவில் வந்தது. கோழித்தோல் செம்பு நிறத்தில் மொறுமொறுத்திருந்தது, ஓரத்தில் கோஸ் இன்னும் கொதித்துக்கொண்டிருந்தது. தோன்கா முள்கரண்டியைத் தொடவில்லை. ரொட்டியைப் பிய்த்து, ஓரத்துச் சாற்றில் தோய்த்து, வாயில் போட்டு மெதுவாக மென்றாள். ஜெல்யோ உட்காராமல் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"பதறாத மாப்ள, கயிறு கெட்டி" என்று மின்கா அவன் காதில் கிசுகிசுத்தாள்.

தோன்கா இன்னொரு துண்டு ரொட்டியைப் பிய்த்தாள். பிறகு எழுந்து கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு வந்து, ஒரு முழுக் கோழிக்காலைத் தன் தட்டில் இழுத்துப் போட்டுக்கொண்டாள். ஜெல்யோவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. மூன்று பேரும் ட்ரே காலியாகும்வரை சாப்பிட்டார்கள். கடைசியில் ட்ரேயின் மூலையில் ஒட்டிய கருகலை ரொட்டியால் சுரண்டிச் சுரண்டித் தின்றபடியே மின்கா தீர்ப்புச் சொன்னாள்: "சுமாராத்தான் இருக்கு."

தோன்கா பால்கனிக் கதவைத் திறந்தாள். ஜெல்யோ பின்னாலேயே ஓடினான்.

"நேத்து ஊதுனியா?"

"ஊதுனேனே."

"இன்னைக்கு?"

"இன்னைக்கு... கோழி வேலை இருந்துச்சுல்ல?"

அவள் பல்லைக் கடித்துக்கொண்டு அவனை ஒரு பார்வை பார்த்தாள். ஊருக்குப் போட்டுவந்த நல்ல சட்டையின் கையை முழங்கைவரை சுருட்டி, ஆற்றுக்கல்லை ஓரமாகத் தள்ளி, குழாயை அடிவரை இறக்கினாள். அவன் வாய் வைத்த முனையைக்கூடத் துடைக்காமல், கன்னம் இரண்டும் உப்ப, ஊத ஆரம்பித்தாள்.