டோக்கன் வரும் வரை

அந்த ரயில் கம்பெனி பிறந்தபோது ஊரே கூடி நின்று கைதட்டியது. செத்தபோது ஒருவருக்கும் சொல்லி அனுப்பவில்லை. ஆலை முதலாளிகள் சிலர் சேர்ந்து தொடங்கியது, சில வருஷங்களிலேயே உயிரை விட்டது.

அதன் ஸ்டேஷன்காரர் அந்த வேலைக்கு வரும் முன் சைக்கிள் கடை வைத்திருந்தார். கடையை விடச் சொன்னவன் அவர் மனைவியின் தம்பி. ரயிலை ஓட்டியவனும் அவனே.

"இன்னும் பஞ்சர் ஒட்டிக்கிட்டே இருக்கப் போறீங்களா மாமா? இது நம்ம கம்பெனி. உங்க பேரன் காலத்துலயும் ஓடும்."

வாய் நிறையச் சொன்னான். இவரும் மனம் நிறைய நம்பிவிட்டார்.

இருந்தது ஒற்றைப் பாதை. வண்டிகள் எதிரெதிரே வந்து மோதிவிடக் கூடாதே என்று, பித்தளை டோக்கன் ஒன்றை வளையத்தில் மாட்டி டிரைவரிடம் கொடுப்பார். அது இல்லாமல் வண்டி நகராது. அது திரும்பி வரும் வரை அந்தப் பாதையில் வேறெதுவும் இறங்கக் கூடாது. கொடுக்கும்போதெல்லாம், "ஆண்டவனே, ஓட்டுறவனைக் காப்பாத்து, உள்ள இருக்கிறவங்களைக் காப்பாத்து" என்று வாய்க்குள் சொல்லிக்கொள்வார்.

ஒரு நாள் காலையில் வளையத்தை வாங்கிய மைத்துனன் அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

"என்ன மாப்ளே, வீட்ல சண்டையா?"

"அதெல்லாம் இல்ல மாமா. சாயங்காலம் பாப்போம்."

சாயங்காலம் வண்டி வரவில்லை. மறுநாளும் வரவில்லை. அதற்கு அடுத்த நாள் தண்டவாளத்தைப் பெயர்க்க ஆட்கள் கடப்பாரையோடு வந்தார்கள். இவர் சிவப்புக் கொடியை விரித்துக்கொண்டு குறுக்கே போய் நின்றார்.

"டோக்கன் வரல. லைன்ல யாரும் இறங்கக் கூடாது."

"கம்பெனியே மண்டையைப் போட்டாச்சு, நீங்க இன்னும் கொடி புடிக்கிறீங்களே!" என்று மேஸ்திரி சிரித்தார். "இன்ஜினை வித்து முதலாளிங்க பஸ் விட்டாச்சு. உங்க மச்சினர்தான் டிரைவர், தெரியாதா?"

"அவன் அப்படிச் செய்ய மாட்டான்" என்றார். கொடியை இறக்கவில்லை.

மதியம் ஸ்டேஷன் வாசலில் புது பஸ் ஒன்று வந்து நின்றது. இறங்கிய மைத்துனன் கையில் டோக்கனோடு அந்த வளையம்.

"ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போயிருக்கலாமே மாப்ளே."

"சொல்லியிருந்தா டோக்கன் குடுத்திருப்பீங்களா? இன்ஜினை நிறுத்தி வச்சுக்கிட்டு, எல்லாரும் வேலையைக் குடுன்னு உக்காந்திருப்பீங்க. அதான் முதலாளிங்க சொல்லக் கூடாதுன்னுட்டாங்க."

"அவங்க சொன்னாங்க. நீ?"

அவன் தலையைச் சொறிந்தான். "பஸ்ல டிக்கெட் கிழிக்கிற வேலை உங்களுக்குக் கேட்டு வச்சிருக்கேன். ஏறுங்க மாமா."

"உன் வண்டிக்கு என் கையிலேருந்து எதுவும் வாங்க வேண்டியதில்ல. நல்லதாப் போச்சு. நீ கெளம்பு."

வளையத்தை வாங்கி ஆணியில் மாட்டினார். கொடியைச் சுருட்டிக்கொண்டு, "லைன் கிளியர்" என்று மேஸ்திரியிடம் சொன்னார். கடப்பாரை விழும் சத்தம் கேட்டது.

பஸ் நகர்ந்தது. ஜன்னலோரத்தில் ஒரு கைக்குழந்தை இவரைப் பார்த்துச் சிரித்தது. பழக்க தோஷத்தில் வாய் முணுமுணுத்தது: "உள்ள இருக்கிறவங்களைக் காப்பாத்து."

முன்பாதி வரவில்லை. முயன்று பார்த்தார்.

"அவனை நீயே பாத்துக்கோ ஆண்டவனே. எனக்கு வாய் வரல."